கார் இல்லாத அம்மாவுக்கும் ப்ளூ பேட்ஜ்: இங்கிலாந்துக்குப் புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

என் அம்மாவுக்குக் கார் ஓட்டத் தெரியாது. அப்போது எங்கள் வீட்டில் காரும் இல்லை. நடமாடச் சிரமப்படுபவர்கள் வரும் வாகனத்தைப் போகிற இடத்துக்குப் பக்கத்திலேயே நிறுத்த அனுமதிக்கும் ப்ளூ பேட்ஜ் என்ற அட்டை ஒன்று இருக்கிறது, எடுத்துக் கொடுங்கோ என்று ஒருவர் சொன்னபோது, அது கார் வைத்திருக்கிறவர்களின் சமாசாரம் என்று நினைத்து இரண்டு வருடம் சும்மா இருந்துவிட்டோம். அந்த இரண்டு வருடமும் யாராவது தெரிந்தவரின் காரில் வைத்தியசாலைக்குப் போவோம். இடம் கிடைக்கிற இடத்தில் காரை விட்டுவிட்டு, அங்கிருந்து அம்மாவைக் கைத்தாங்கலாக நடத்திக்கொண்டு போவோம். வாசலுக்குப் போய்ச் சேர்வதற்குள் அவர் மூன்று இடத்தில் நின்றுவிடுவார்.

ஆகவே முதலில் இதைத் தெரிந்துகொள்ளுங்கள். ப்ளூ பேட்ஜ் காருக்குக் கொடுக்கப்படுவதில்லை, ஆளுக்குக் கொடுக்கப்படுகிறது. அம்மா மகனின் காரில் போனால் மகனின் காரில் வைக்கலாம். பக்கத்து வீட்டுக்காரரின் வானில் போனால் அதில் வைக்கலாம். டாக்சியில் போனாலும் வைக்கலாம். அம்மா இல்லாமல் மகன் மட்டும் போனால், அதே காரில் அதே அட்டைக்கு ஒரு மதிப்பும் இல்லை. விண்ணப்பம், பாவனை, அபராதம் எல்லாம் இந்த ஒன்றைச் சுற்றியே இருக்கின்றன.

இந்தத் திட்டம் ஐம்பது வருடத்துக்கும் மேல் பழையது. அல்ஃப் மொரிஸ் என்ற நாடாளுமன்ற உறுப்பினர் தனிநபர் மசோதாவாகக் கொண்டுவந்த 1970ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ், 1971இல் செம்மஞ்சள் நிற அட்டையாகத் தொடங்கியது. 2000ஆம் ஆண்டில் ஐரோப்பாவின் மற்ற நாடுகளோடு ஒத்துப்போகும் வகையில் நீலமாக்கினார்கள். பழைய ஆட்கள் சிலர் இன்றைக்கும் 'ஒரேஞ் பேட்ஜ்' என்று சொல்வதைக் கேட்டால் குழம்ப வேண்டாம்.

நான் எழுதுவது இங்கிலாந்தின் விதிகளை. ஸ்கொட்லாந்து, வேல்ஸ், வட அயர்லாந்து ஆகிய மூன்றிலும் இதே அட்டை செல்லும், ஆனால் கட்டணமும் சில விதிகளும் வேறு. உதாரணமாக இங்கிலாந்தில் கட்டணம் அதிகபட்சம் 10 பவுண், ஸ்கொட்லாந்தில் 20 பவுண் வரை, வேல்ஸில் இலவசம்.

முதல் படி: எந்த வாசலால் போவது

இரண்டு வாசல் இருக்கின்றன. ஒன்று நேர் வாசல். ஏற்கனவே சில உதவித்தொகைகளை எடுப்பவர்களுக்கு மேலதிகப் பரிசோதனை எதுவும் இல்லை, கடிதத்தைக் காட்டினால் போதும். பிப் (PIP, நீண்டகால நோயோ குறைபாடோ உள்ளவர்களுக்கான அரச உதவித்தொகை) எடுப்பவர் என்றால், அதில் நடமாடுவது பற்றிய பகுதியில் 8 புள்ளியோ அதற்கு மேலோ கிடைத்திருக்க வேண்டும். 8 புள்ளி என்பது 50 மீட்டருக்கு மேல் நடக்க முடியாதவர் என்று பொருள். 50 மீட்டர் எவ்வளவு என்று சட்டென்று பிடிபடாது. கிரிக்கெட் பிட்ச் ஒன்று ஏறக்குறைய 20 மீட்டர். இரண்டரைப் பிட்ச் என்று கணக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

பிப்பில் இன்னொரு வழியும் உண்டு. பயணத்தைத் திட்டமிட்டுப் போய்வருவது பற்றிய பகுதியில், வெளியில் போனாலே தாங்க முடியாத மன உளைச்சல் வருகிறது என்ற காரணத்துக்காகச் சரியாக 10 புள்ளி கிடைத்திருந்தாலும் நேர் வாசல் திறக்கும். இதில் ஒரு வேடிக்கை: அதே பகுதியில் 12 புள்ளி கிடைத்தவருக்கு அந்தப் புள்ளியை வைத்து நேர் வாசல் கிடையாது. கூடுதல் புள்ளி எடுத்தவர் மற்ற வாசலுக்குப் போக வேண்டும். ஏன் என்று கேட்காதீர்கள், கடிதத்தில் எந்தப் பகுதியில் எத்தனை புள்ளி என்று பார்த்துக்கொள்ளுங்கள், அவ்வளவுதான்.

டி.எல்.ஏ. (DLA, பிப்புக்கு முன்பிருந்தே உள்ள இதே மாதிரியான உதவித்தொகை) எடுப்பவர்களுக்கு அதன் நடமாட்டப் பகுதி உயர் விகிதத்தில் இருக்க வேண்டும். பிள்ளைகளுக்கு 16 வயது வரை இந்த டி.எல்.ஏ.தான். கடுமையான பார்வைக் குறைபாடு உள்ளவர் என்று பதிவு செய்யப்பட்டவர்களுக்கும், போரில் காயமடைந்தவர்களுக்கான சில கொடுப்பனவுகளைப் பெறுபவர்களுக்கும் நேர் வாசல் உண்டு.

எங்கள் பெரியவர்களில் பலர் வந்து மாட்டுப்படுவது, பராமரிப்புத் தேவைப்படும் முதியவர்களுக்கான அட்டென்டன்ஸ் அலவன்ஸ் என்ற உதவித்தொகையில்தான். ஓய்வூதிய வயதைத் தாண்டியவர்கள் புதிதாக பிப் கேட்க முடியாது, அட்டென்டன்ஸ் அலவன்ஸ்தான் கேட்கலாம். அதிலோ நடமாட்டத்துக்கென்று தனிப் பகுதியே இல்லை. ஆகவே அந்தக் கடிதத்தை இணைத்துவிட்டால் பேட்ஜ் தானாக வந்துவிடும் என்று இருக்க வேண்டாம். அவர்கள் இரண்டாவது வாசலால்தான் போக வேண்டும்.

இரண்டாவது வாசல், கவுன்சில் (உங்கள் ஊரின் உள்ளூராட்சி சபை) மதிப்பிட்டு முடிவெடுப்பது. நடக்கவே முடியாதவர்கள், நடப்பதில் மிகப் பெரிய சிரமம் உள்ளவர்கள், இரண்டு கையும் மிகவும் பாதிக்கப்பட்டு, அடிக்கடி தாமே கார் ஓட்டி, பார்க்கிங் மீட்டரை இயக்க முடியாதவர்கள், பெரிய மருத்துவக் கருவிகளை எந்நேரமும் கூடவே கொண்டு திரிய வேண்டிய 3 வயதுக்குக் குறைந்த பிள்ளைகள் எல்லாரும் இதில் வருவார்கள். 2019 ஆகஸ்ட் 30இலிருந்து இங்கிலாந்தில் கண்ணுக்குத் தெரியாத குறைபாடுகளும் சேர்க்கப்பட்டன. ஆட்டிசம் உள்ள பிள்ளை, டிமென்ஷியா உள்ள தாத்தா, கடும் பதற்ற நோய் உள்ளவர் ஆகியோர் கால் நன்றாக இருந்தாலும் விண்ணப்பிக்கலாம். பிள்ளை கார்க் கதவைத் திறந்ததும் வீதிக்கு ஓடிவிடுவான் என்றால், அது அவனுடைய பாதுகாப்பு சம்பந்தப்பட்ட விஷயம். அதை அப்படியே எழுதுங்கள்.

கால் முறிந்து மாவுக்கட்டுப் போட்டவருக்குக் கிடைக்காது. குறைபாடு குறைந்தது 3 வருடமாவது நீடிக்கக் கூடியதாக இருக்க வேண்டும்.

விசா பற்றி ஒரு வார்த்தை. அரச நிதியை நாட முடியாது என்ற நிபந்தனையோடு வந்தவர்கள் கவனமாக இருங்கள். பிப், டி.எல்.ஏ., அட்டென்டன்ஸ் அலவன்ஸ் மூன்றும் அந்தத் தடைப் பட்டியலில் இருக்கின்றன. ப்ளூ பேட்ஜ் அந்தப் பட்டியலில் இல்லை. பேட்ஜ் எடுப்பதற்காக முதலில் பிப் போடுவோம் என்று யாராவது புத்தி சொன்னால் கேட்டு நடந்துவிடாதீர்கள், விசாவுக்கே வினையாகும். சந்தேகம் என்றால் குடிவரவுச் சட்டத்தரணி ஒருவரிடம் கேட்டபிறகு எதையும் போடுங்கள்.

இரண்டாம் படி: கடதாசிகள்

விண்ணப்பம் அரசாங்கத்தின் கவ்.யூகே தளத்தில் இருக்கிறது. இணையம் வராதவர்கள் கவுன்சிலில் கடதாசிப் படிவம் கேட்கலாம். தேடுபொறியில் ப்ளூ பேட்ஜ் என்று அடித்தால் மேலே வருவதெல்லாம் அரசாங்கத் தளம் அல்ல. படிவத்தை நிரப்பித் தருகிறோம் என்று சொல்லி 10 பவுணுக்கு மேல் கேட்டால் அந்தப் பக்கத்தை மூடிவிடுங்கள்.

கையில் எடுத்து வைத்துக்கொள்ள வேண்டியவை அதிகமில்லை. அடையாளத்துக்குக் கடவுச்சீட்டு, பிறப்புச் சான்றிதழ், சாரதி அனுமதிப்பத்திரம் இவற்றில் ஒன்று. விலாசத்துக்குக் கவுன்சில் வரிக் கடிதம். பெரியவர்களின் பெயரில் வரிக் கடிதம் வராது, அது பிள்ளைகளின் பெயரில் இருக்கும். அவர்கள் பெயருக்கு வந்த அரசாங்கக் கடிதம் ஏதாவது தேடி எடுங்கள், அல்லது வேறு எதை ஏற்பீர்கள் என்று கவுன்சிலிடம் கேளுங்கள். அப்புறம் தலையும் தோளும் தெரிகிற புதிய புகைப்படம், தேசியக் காப்புறுதி இலக்கம் இருந்தால் அது, உதவித்தொகை எடுப்பவர் என்றால் அந்தக் கடிதத்தின் எல்லாப் பக்கங்களும். முதல் பக்கத்தை மட்டும் அனுப்பிவிட்டு, புள்ளி விவரம் இருக்கும் பக்கம் எங்கே என்று அவர்கள் திருப்பிக் கேட்க, அதற்கே ஒரு மாதம் போனவர்களைத் தெரியும்.

இரண்டாம் வாசலால் போகிறவர்கள் மருந்துப் பட்டியல், வைத்தியசாலைச் சிறப்பு மருத்துவரின் கடிதங்கள், பிசியோதெரபிக் கடிதம், சத்திரசிகிச்சைத் தேதி என்று இருப்பதையெல்லாம் சேர்க்க வேண்டும். ஜிபியிடம் (குடும்ப வைத்தியரிடம்) போய் 'பேட்ஜ் தாங்கோ' என்று நிற்பதில் பிரயோசனம் இல்லை. முடிவெடுப்பது கவுன்சில்.

மூன்றாம் படி: பதில் எழுதுவது

கேள்விகள் எளிமையானவை. எவ்வளவு தூரம் நடப்பீர்கள், எவ்வளவு நேரம் எடுக்கும், எதைப் பிடித்துக்கொண்டு நடக்கிறீர்கள், எங்கே வலிக்கும், மூச்சு வாங்குமா, விழுந்திருக்கிறீர்களா என்று கேட்பார்கள். எங்கள் ஆட்கள் சறுக்குவது இந்த இடத்தில்தான்.

'எப்படி இருக்கிறீங்கள்' என்று யார் கேட்டாலும் 'நல்லா இருக்கிறன்' என்று சொல்லித்தான் எங்கள் தலைமுறைகள் வளர்ந்தன. வருத்தத்தை வெளியில் சொன்னால் பிள்ளைகளுக்குக் குறை, சுமையாகிவிடுவோம் என்ற பயம் வேறு. என் அம்மாவிடம் படிவத்தை வாசித்துக் காட்டிக் கேட்டேன். "கடைக்கு நடந்து போவீங்களா அம்மா?" "ஓம், போவன்." அவ்வளவுதான் பதில். நான் அதை எழுதியிருந்தால் கதை முடிந்தது. "எத்தனை தரம் நிப்பீங்கள்?" என்று கேட்டேன். "அது மூலையில இருக்கிற சுவரில கொஞ்சம் இருப்பன், அப்புறம் தபால் பெட்டியடியில ஒருக்கா நிப்பன்." "வந்த பிறகு?" "வந்து படுத்திடுவன். பின்னேரம் வரைக்கும் கால் குத்தும்." இந்த மூன்று பதிலும் சேர்ந்ததுதான் உண்மையான பதில். கடைசியில் நான் எழுதியது அதைத்தான்.

ஆகவே ஆம், இல்லை என்று எழுதாதீர்கள். நடந்து பாருங்கள். வீட்டு வாசலிலிருந்து வழக்கமாக முதல்முறை நிற்கும் இடம் வரை தொலைபேசியில் தூரத்தையும் நேரத்தையும் அளந்து எழுதுங்கள். வீட்டுக்குள் சுவரையும் மேசையையும் பிடித்து நடப்பதை நடையாகக் கணக்கெடுக்காதீர்கள். வெளியில், தரை ஈரமாக, குளிராக இருக்கும்போது நடப்பதுதான் கணக்கு. ஒரு நாள் நன்றாகவும் ஒரு நாள் மோசமாகவும் இருப்பவர்கள் இரண்டையும் எழுதி, வாரத்தில் எத்தனை நாள் எப்படி என்றும் சொல்ல வேண்டும். முழங்காலில் வலி என்று விடாமல், நின்றால் எத்தனை நிமிடத்தில் குறைகிறது, குறையாவிட்டால் என்ன செய்வீர்கள் என்பது வரை போங்கள். மூச்சு வாங்குவதாக எழுதினால், பேசிக்கொண்டே நடக்க முடியுமா முடியாதா என்றும் சேருங்கள்.

கூட்டி எழுதுவதும் வேண்டாம். 'ஒரு அடியும் எடுத்து வைக்க முடியாது' என்று எழுதிவிட்டு மதிப்பீட்டு அறைக்குள் நடந்து போனால், எழுதிய மற்ற எல்லாவற்றையும் சந்தேகப்படுவார்கள்.

நான்காம் படி: மதிப்பீடு

எல்லாரையும் அழைப்பதில்லை. கடதாசிகளிலேயே தெளிவு கிடைத்தால் அதை வைத்தே முடிவெடுப்பார்கள். அழைத்தால், பிசியோதெரபிஸ்ட் அல்லது தொழில்வழிச் சிகிச்சையாளர் ஒருவர் பேசிப் பார்த்து, கொஞ்சத் தூரம் நடக்கச் சொல்வார். ஆங்கிலம் சிரமம் என்றால் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று அழைப்புக் கடிதம் கிடைத்த அன்றைக்கே சொல்லிவிடுங்கள். பிள்ளைகள் கூடப் போவது நல்லது, ஆனால் அம்மாவுக்குப் பதிலாக நீங்களே எல்லாவற்றையும் சொல்லாதீர்கள். அவர் தட்டிக் கழிக்கும்போது எடுத்துக் கொடுத்தால் போதும்.

எங்கள் அம்மா அன்றைக்கு நல்ல சேலை கட்டி, வழக்கமாகப் போடுகிற அகலச் சப்பாத்தை விட்டுவிட்டுப் புதுச் செருப்பு போட்டுக்கொண்டு, ஊன்றுகோலையும் மூலையில் வைத்துவிட்டுப் புறப்பட்டார். வெள்ளைக்காரர் முன்னால் தடியோடு போக வெட்கமாம்! வாசலில் வைத்துத் திருப்பி அனுப்பினேன். வழக்கமாக எதைப் போட்டு, எதைப் பிடித்து நடப்பாரோ அதே மாதிரித்தான் போக வேண்டும். வலி மாத்திரையையும் வழக்கம் போலவே எடுக்கட்டும்.

முடிவு வர 12 வாரமோ அதற்கு மேலோ ஆகலாம்.

மறுத்துவிட்டால் காரணம் எழுதி அனுப்புவார்கள். நீதிமன்றம் மாதிரி மேன்முறையீடு இதற்கு இல்லை. ஆனால் கொடுத்த விவரத்தைச் சரியாகப் பார்க்கவில்லை என்று காட்டி, மறுபரிசீலனை செய்யும்படி கவுன்சிலிடம் கேட்கலாம். அந்தக் காரணத்தை வரிவரியாக எடுத்து, ஒவ்வொன்றுக்கும் எந்தக் கடிதத்தில் பதில் இருக்கிறது என்று எழுதினால் வேலை நடக்கும். கோபத்தை மட்டும் எழுதினால் நடக்காது. நடமாட்டம் பிறகு இன்னும் மோசமானால் புதிதாகவும் விண்ணப்பிக்கலாம்.

அட்டை வந்தபிறகு

தபாலில் அட்டை, நீல நிறக் கடதாசி மணிக்கூடு, ஒரு சிறு புத்தகம் வரும். அந்தப் புத்தகத்தை அலுமாரிக்குள் வைத்துவிடாமல் காரில் போடுங்கள்.

அட்டையின் ஒரு பக்கத்தில் படம் இருக்கிறது, மற்றப் பக்கத்தில் சக்கர நாற்காலிச் சின்னமும் முடிவுத் தேதியும். கண்ணாடிக்கு முன்னால் டாஷ்போர்டில் வைக்கும்போது சின்னம் உள்ள பக்கம்தான் மேலே தெரிய வேண்டும். படம் கீழே போக வேண்டும். தலைகீழாக வைத்து அபராதம் வாங்கியவர்கள் ஏராளம். கதவை அடிக்கும் காற்றில் அட்டை சரிந்து கீழே விழுவதும் உண்டு. ஆகவே கதவை மூடியபிறகு வெளியில் நின்று கண்ணாடி வழியாக ஒருமுறை பார்த்துவிட்டுப் போங்கள். நகல் எடுத்து வைப்பது குற்றம்.

மணிக்கூட்டை எப்போது வைக்க வேண்டும்? நேர எல்லை உள்ள இடத்தில் எல்லாம் வைக்க வேண்டும். அதில் காட்ட வேண்டியது வந்த நேரத்தை. போகிற நேரத்தை வைப்பதுதான் புதியவர்கள் செய்யும் முதல் பிழை.

மஞ்சள் கோடு

வீதியோரத்தில் மஞ்சள் கோடு என்றால் நிறுத்தத் தடை உண்டு என்று அர்த்தம். ஆனால் ஒற்றை மஞ்சளோ இரட்டை மஞ்சளோ, இங்கிலாந்தில் அட்டையும் மணிக்கூடும் வைத்து 3 மணி நேரம் வரை நிறுத்தலாம். காரை எடுத்துக்கொண்டு போய், அதே வீதியில் திரும்ப வந்து நிறுத்துவதென்றால் குறைந்தது ஒரு மணி நேர இடைவெளி வேண்டும். ஸ்கொட்லாந்தில் இந்த 3 மணி நேர எல்லை இல்லை.

ஆனால் கோட்டை மட்டும் பார்த்தால் போதாது, நடைபாதை விளிம்புக் கல்லையும் பாருங்கள். அதன் மேல் குறுக்கே சின்ன மஞ்சள் வரி இருந்தால் சாமான் ஏற்றி இறக்கக் கட்டுப்பாடு உண்டு என்று அர்த்தம். ஒற்றை வரி என்றால் பலகையில் போட்ட நேரத்துக்கு, இரட்டை வரி என்றால் எந்நேரமும். அந்தக் கட்டுப்பாடு உள்ள நேரத்தில் ப்ளூ பேட்ஜ் செல்லாது. கோட்டைப் பார்த்து நம்பி, கல்லைப் பார்க்காமல் போய் நானே ஒருமுறை அபராதம் கட்டியிருக்கிறேன்.

வீதியோர மீட்டர் இடங்களிலும், டிக்கெட் எடுத்து வைக்கும் இடங்களிலும் பேட்ஜ்காரருக்குக் காசு இல்லை, பலகையில் வேறாகச் சொல்லாதவரை நேர எல்லையும் இல்லை.

நிறுத்தக் கூடாத இடங்கள் என்று நீளமாக எழுதலாம். சுருக்கமாக: சிவப்புக் கோடு, பாதசாரிக் கடவையின் வளைந்த கோடுகள், பாடசாலை வாசல் அடையாளங்கள் அவை நடப்பில் இருக்கும் நேரத்தில், பஸ் பாதையும் சைக்கிள் பாதையும் அவற்றின் நேரத்தில், நடு வீதியில் இரட்டை வெள்ளைக் கோடு உள்ள இடம், டாக்சித் தரிப்பிடம், குடியிருப்பாளர்களுக்கென்று ஒதுக்கிய இடம் பலகை அனுமதிக்காவிட்டால், தற்காலிகமாக மூடிய இடம். அடுத்தவரின் வழியை மறிக்கும் இடத்திலும் நிறுத்த அட்டை உரிமை தராது.

கார் பார்க், வைத்தியசாலை, லண்டன்

வீதி வேறு, கார் பார்க் வேறு. சுப்பர்மார்க்கெட், ரயில் நிலையம், தனியார் தரிப்பிடம் எல்லாம் அந்தந்த உரிமையாளரின் விதி. மாற்றுத்திறனாளிகளுக்கான அகலமான இடத்தில் நிறுத்தலாம், ஆனால் காசு கட்டத் தேவையா, எத்தனை மணி நேரம் என்பது பலகையில்தான் இருக்கும். சில இடங்களில் கமரா இலக்கத் தகட்டைப் படம் எடுத்துவிடும். அந்தக் கமராவுக்கு உங்கள் டாஷ்போர்டில் இருக்கும் அட்டை தெரியாது. என்.எச்.எஸ். (அரச சுகாதார சேவை) வைத்தியசாலைகளில் ப்ளூ பேட்ஜ்காரருக்குப் பார்க்கிங் இலவசம் என்பது இங்கிலாந்தின் பொது ஏற்பாடு. ஆனாலும் வரவேற்பில் அட்டையைக் காட்டி வாகன இலக்கத்தைப் பதியச் சொல்லலாம். உள்ளே போனதும் முதலில் அதைக் கேளுங்கள்.

மத்திய லண்டனுக்குத் தனி நியாயம். சிட்டி ஒஃப் லண்டன், வெஸ்ட்மின்ஸ்டர், கென்சிங்டன் அண்ட் செல்சி, கேம்டனில் யூஸ்டன் வீதிக்குத் தெற்கே உள்ள பகுதி ஆகிய நான்கிலும் நாட்டின் வழக்கமான சலுகைகள் முழுதாகச் செல்லாது. மஞ்சள் கோட்டில் 3 மணி நேரம் என்பதை அங்கே மறந்துவிடுங்கள். போக முன்னர் அந்தக் கவுன்சிலின் தளத்தில் ப்ளூ பேட்ஜ் இடங்களின் வரைபடத்தைப் பார்த்து வைத்துக்கொள்வதுதான் பாதுகாப்பு.

மத்திய லண்டனுக்குள் காரில் போவதற்கு வாங்கும் நெரிசல் கட்டணத்தில் பேட்ஜ்காரருக்கு முழுத் தள்ளுபடி உண்டு. ஆனால் அது தானாக வராது. லண்டன் போக்குவரத்து நிறுவனத்திடம் முன்கூட்டியே பதிய வேண்டும், இரண்டு வாகனம் வரை பதியலாம். புகை மாசுக்கான யூலெஸ் கட்டணம் வேறு கதை. ப்ளூ பேட்ஜ் இருப்பதனால் மட்டும் அதிலிருந்து விலக்குக் கிடைக்காது.

"மச்சான், ஒரு நாளைக்குத் தா"

அட்டை வந்த வாரமே இந்தக் கேள்வி வரும். திருமண மண்டபத்துக்குப் போகிறேன், விமான நிலையத்துக்குப் போகிறேன், அம்மாவுக்கு இன்றைக்குத் தேவையில்லைத்தானே என்று கேட்பார்கள். கொடுக்காதீர்கள். அட்டைக்குரியவர் அந்தப் பயணத்தில் இல்லாமல் பாவித்தால் 1,000 பவுண் வரை தண்டம், அட்டையும் பறிபோகும். 2013ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பிறகு பொலிஸ் வந்துதான் பறிக்க வேண்டும் என்றில்லை, கவுன்சில் அதிகாரியே பார்த்து எடுத்துக்கொள்ளலாம். கேட்டால் காட்ட வேண்டும், தகுந்த காரணமில்லாமல் மறுப்பதும் குற்றம். அட்டை பறிபோனால் நாளைக்கு நடக்க வேண்டியது மச்சான் அல்ல, அம்மா.

தெரியாமல் செய்யும் தவறு ஒன்று இருக்கிறது. அம்மா காரிலேயே இருக்க, மகன் மட்டும் இறங்கிக் கடைக்குப் போய் வருவது. அம்மாதான் வந்திருக்கிறாரே என்று வாதாடலாம், ஆனால் அவர் இறங்கவில்லை என்றால் அந்த வசதியை அனுபவித்தது மகன். சட்டம் எதிர்பார்ப்பது அதுவல்ல. அம்மாவை இறக்கிவிடவோ ஏற்றிக்கொள்ளவோ நிறுத்துவது வேறு, அதில் பிழையில்லை.

அதிகாரி அட்டையைக் கேட்டால் சண்டைக்குப் போகாதீர்கள். அம்மா கடைக்குள் இருக்கிறார் என்றால் எந்தக் கடை என்று சொல்லுங்கள், அவ்வளவுதான்.

அபராதம் வந்துவிட்டால்

முதலில் யார் அனுப்பியது என்று பாருங்கள். கவுன்சில் கொடுப்பதும் தனியார் நிறுவனம் கொடுப்பதும் பார்ப்பதற்கு ஒரே மாதிரி இருக்கும், வழி வேறு. கவுன்சிலுடையது என்றால் 14 நாளுக்குள் கட்டினால் பாதிக் காசு. ஆட்சேபம் சொல்வதென்றாலும் அந்த 14 நாளுக்குள் சொல்லிவிடுவது நல்லது. அட்டை தலைகீழாக இருந்தது, மணிக்கூடு சரிந்துவிட்டது மாதிரியான விஷயங்களில் செல்லுபடியாகும் அட்டையின் இரு பக்கப் படத்தையும் அனுப்பி, பயணத்தில் அம்மா இருந்தார் என்பதற்கு வைத்தியசாலை நேரக் கடிதம் மாதிரி ஏதாவது இணைத்தால் தயவு காட்டுவதுண்டு. கட்டாயமில்லை. கடைசியில் சுயாதீனத் தீர்ப்பாயம் இருக்கிறது, அதற்குக் காசு இல்லை.

தனியார் நிறுவனம் என்றால் முதலில் அவர்களிடமே முறையிட வேண்டும். அது மறுக்கப்பட்டால் அவர்கள் எந்தச் சங்கத்தின் உறுப்பினர் என்பதைப் பொறுத்து சுயாதீனமாக விசாரிக்கும் இடம் எது என்று மறுப்புக் கடிதத்திலேயே போட்டிருப்பார்கள். கடிதத்தைக் குப்பையில் போட்டால் மறைந்துவிடும் என்று சொல்பவர்களின் பேச்சைக் கேட்க வேண்டாம்.

தொலைந்தால், முடிந்தால்

கார்க் கண்ணாடியை உடைத்து இந்த அட்டையைக் களவெடுப்பவர்கள் இருக்கிறார்கள். இரவில் காரில் விட வேண்டாம். களவு போனால் பொலிஸில் சொல்லிக் குற்ற இலக்கம் வாங்கி, கவுன்சிலுக்குக் கொடுத்துப் புதியது கேளுங்கள். வீடு மாறினாலும் கவுன்சிலுக்கு அறிவிக்க வேண்டும்.

அட்டை அதிகபட்சம் 3 வருடம். உதவித்தொகையை வைத்து எடுத்தவர்களுக்கு அந்தத் தொகை முடியும் தேதியோடு அதுவும் முடியலாம். தானாகப் புதுப்பிக்கப்படாது, எல்லாக் கவுன்சிலும் நினைவூட்டவும் மாட்டா. முடிவதற்கு 12 வாரம் முன்னால் தொலைபேசியில் ஒரு நினைவூட்டல் போட்டு வையுங்கள். காலாவதியான அட்டையை வைத்து நிறுத்துவதும், அட்டையே இல்லாமல் நிறுத்துவதும் ஒன்றுதான். முதல்முறை எழுதிய பதில்களின் நகல் இருந்தால் அடுத்த முறை பாதி வேலை மிச்சம், மாறியிருப்பதை மட்டும் திருத்தினால் போதும்.

அட்டைக்குரியவர் இறந்துபோனால் அதைக் கவுன்சிலுக்குத் திருப்பிக் கொடுக்க வேண்டும். அந்த நாட்களில் இது யாருக்கும் ஞாபகம் வராது, காரில் அப்படியே கிடக்கும். மரணப் பதிவுக்குப் போகும் கடதாசிக் கட்டோடு அதையும் எடுத்து வைத்துவிடுங்கள்.